ஜன்னல் தூசியும் திங்கட்கிழமை வேலையும்

அன்புள்ள தம்பிக்கு,

அக்காவின் ஆசிகள். ஆண்டவன் கிருபையில் இங்கே எல்லோரும் சௌக்கியம், முன்னறையைத் தவிர. உன் வீட்டில் மனிதர்களும் அறைகளும் நலமாக இருக்கப் பிரார்த்திக்கிறேன்.

உன் நண்பரின் போட்டோ ஸ்டுடியோவில் என் மகளுக்காக நீ சொல்லிவைத்திருக்கும் வேலைக்கு, அவள் திங்கட்கிழமை கட்டாயம் வருவாள். இது என் முடிவு. ஏனென்று கேள்.

அவள் ஒளிப்பதிவு செய்யும் படத்தை எங்கள் முன்னறையிலேயே எடுக்கிறார்கள். சோதனைப் படமாம். கதை கிடையாது, நடிகர் கிடையாது, ஜன்னலோரம் ஒரு காலி நாற்காலி, அதன்மேல் காலை வெயில் ஏறி இறங்கும், அவ்வளவுதான். நானாகவே நூலகத்தில் புத்தகம் எடுத்து ஒளிப்பதிவைப் பற்றிப் படித்தேன். முகம் தெளிவாகத் தெரியவேண்டும் என்று ஆரம்பத்திலேயே போட்டிருக்கிறது, இதில் தெரிவதற்கு முகமே இல்லையே. டைரக்டரைக் கேட்டால், "முகம் இருந்தா ஜனங்க முகத்தையே பாத்துட்டு இருப்பாங்கம்மா" என்கிறார். அந்த நாற்காலி உன் அத்தானுடையது, அவர் இப்போது நின்றுகொண்டே பேப்பர் படிக்கிறார். இரைச்சல் கூடாதென்று ஃபிரிட்ஜை அணைத்ததில் பால் திரிந்துபோனது. திரைச்சீலைகளைக் கழற்றியதில், நான் வீட்டுக் கணக்குக் கூட்டுவதை எதிர்வீட்டுக்காரி எட்டிப் பார்க்கிறாள். என் கணக்கில் அவளுக்கு ஒரு தப்பும் கிடைக்காது, அது வேறு விஷயம்.

இத்தனையும் பொறுத்தேன். போன வாரம் பிரார்த்தனைக்கு முன் வீட்டைத் துடைத்தவள், வழக்கம்போல் ஜன்னல் கண்ணாடியையும் பளபளவென்று துடைத்துவிட்டேன். படம் பாதிதான் முடிந்திருந்தது. மகள் கத்தவில்லை, கத்தியிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன். கேமராவுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"அந்தத் தூசியிலதாம்மா வெளிச்சம் தங்குச்சு. இப்ப நிக்காம ஓடிப் போயிடுது."

எனக்கு மனசு கேட்கவில்லை. மாவைச் சலித்துக் கண்ணாடியில் தூவிப் பார்த்தேன், ரொட்டிக்கடை மாதிரி இருக்கிறது என்றார் டைரக்டர். ஜன்னலைத் திறந்துவைத்து அறையை ஜன்னல் பக்கமாகப் பெருக்கினேன், தும்மல்தான் மிச்சம். கடைசியில் மகள், "எல்லாத்துக்கும் வேண்டிக்கிறியே, இதுக்கும் கொஞ்சம் வேண்டிக்கோயேன்" என்றாள். ஆயுசு முழுக்க வீட்டைச் சுத்தமாக வைத்திருக்கப் பலம் கொடு என்று கேட்டவள், தூசி கொடு என்று எந்த முகத்தோடு கேட்பேன்? தப்பு என்னுடையதாயிற்றே, கேட்டேன். ஒரு வாரமாகக் காற்றுகூட அசையவில்லை. ஆண்டவனுக்கே இந்தப் படத்தில் விருப்பமில்லை என்பது தெளிவாகிவிட்டது. ஆகவே, திங்கட்கிழமை.

உன் மனைவிக்கும் குழந்தைகளுக்கும் என் அன்பு. ஆண்டவன் உங்களைக் காக்கட்டும்.

இப்படிக்கு,
உன் அக்கா

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது, தெருமுனையில் வீடு கட்டுகிறவர்கள் ஒரு லாரி மணலைக் கொட்டினார்கள். கண்ணாடி முழுவதும் மெல்லிய தூசிப் படலம். மகள் கூப்பிட்டு என்னைக் கேமராவில் பார்க்கச் சொன்னாள். நாற்காலியில் வெயில் உட்கார்ந்திருந்தது தம்பி, எழுந்திருக்க மனசில்லாதது போல. ஆண்டவன் கேட்டதைக் கொடுத்துவிட்டான், இனி அவளை வேலைக்கு அனுப்பினால் நான் அவன் முகத்தில் எப்படி விழிப்பேன்? அவள் வரமாட்டாள். உன் நண்பர் கோபித்துக்கொண்டால் என்னிடமே நேரில் வந்து பேசச் சொல். ஜன்னல் பக்கம் மட்டும் போகக் கூடாது.