வீரமுத்து போட்ட அவுரிப் பாத்தி

முளைத்தது பதினாறு. தங்கியது பன்னிரண்டு. விடிகாலை மழையில் அதிலும் ஒன்று சாய்ந்து கிடந்தது. லயத்து வீட்டுக்குப் பின்னால் சேற்றில் குந்தியபடி வீரமுத்து அதற்கு ஈர்க்குச்சியால் முட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தான்.

"வேர்ல தண்ணி நிக்குதுங்க," என்றாள் கருப்பாயி, பின்வாசலில் நின்று பல் துலக்கிக்கொண்டே.

"தெரியுது."

"மண்ண இன்னும் ஒசத்திப் போடணும்."

"அதான் தெரியுதுன்னேன்ல."

நாளுக்கு முந்நூற்றைம்பது ரப்பர் மரத்தில் பால் வெட்டுவது அவனுக்கு ஒரு பொருட்டே இல்லை. உள்ளே இருக்கும் மரத்தைக் காயப்படுத்தாமல் பட்டையில் கோடு இழுப்பதில் லாபிஸ் வட்டாரத்திலேயே அவன் கைக்கு ஈடு கிடையாது. ஆனால் முழங்கால் உயரம்கூட வராத இந்த அவுரிச் செடி அவனைப் பாடாய்ப் படுத்தியது. பதினோரு வயதில் கப்பலேறி வந்தவன். ரப்பரைத் தவிர வேறு எந்த இலையைக் காட்டினாலும், "இது கீரையா?" என்றுதான் கேட்பான்.

அவுரி எதற்கு என்றால், தலைக்கு.

ரப்பர் விலை விழுந்து கிடந்த வருஷம் அது. பாதி மரத்தில் பால் வெட்டாமல் சும்மா விட்டிருந்தார்கள். ஆட்களைக் கப்பலேற்றி ஊருக்கு அனுப்பப்போகிறார்கள் என்ற சேதியைக் குழாயடியிலிருந்து குடத்தோடு தூக்கிக்கொண்டு வந்தவள் கருப்பாயிதான்.

"நரைச்ச தலையாப் பாத்து எண்ணுறாங்களாம். வயசான ஆளு எதுக்குன்னு துரை சொல்லிட்டாராம்."

"யாரு சொன்னா?"

"எல்லாருந்தான் பேசுறாங்க."

வீரமுத்து வேறு யாரையும் கேட்கவில்லை. அவன் குழாயடிக்கும் போகிறவனில்லை, கள்ளுக்கடைக்கும் போகிறவனில்லை. நல்ல வேலைக்காரனுக்கு வாய் எதற்கு என்பது அவன் எண்ணம். முதல் கப்பலில் சின்னத்தம்பி போனான். அவன் தலை பஞ்சு. ஆக, சேதி சரிதான். காவல்காரன் ஐயாசாமியின் தலை அதைவிட வெள்ளை. அவனை யாரும் தொடவில்லை. 'கங்காணிக்கு ஒண்ணுவிட்ட சொந்தமா இருப்பான்' என்று வீரமுத்து தனக்குத் தானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டான்.

ஊர் என்றால் அவனுக்குக் குலை நடுங்கும். அங்கே பண்ணை வாசலில் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்ற தகப்பனைத்தான் அவனுக்கு ஞாபகம். இங்கே துரை கெட்ட வார்த்தையில் திட்டினாலும் துண்டு தோளிலேயே கிடக்கும். நாற்பத்தெட்டு வயதில் அதைக் கீழே இறக்க அவனால் ஆகாது.

கருப்பாயி விஷயம் வேறு. கும்பகோணத்துப் பக்கம் வயலில் வளர்ந்தவள். கல்யாணத்தின்போது, "மூணே வருசம், கூட்டியாந்துருவேன்," என்று அவள் தகப்பனிடம் வீரமுத்து கையடித்துக் கொடுத்திருந்தான். அது ஆகிவிட்டது இருபத்திரண்டு வருஷம். அந்தத் தகப்பன் செத்த கடுதாசி வந்தபோது, அடுத்த வருஷம் என்றான். தாய் செத்தபோதும் அதையே சொன்னான். பிறகு அவள் கேட்பதை விட்டுவிட்டாள். கேட்கவில்லை என்றால் மறந்துவிட்டாள் என்று அவன் எடுத்துக்கொண்டான்.

அவுரி யோசனை ருக்னுதீன் ராவுத்தருடையது. லாபிஸ் கடைத்தெருவில் மருந்துச் சாமான் விற்கிற அவருக்கு அறுபது தாண்டியும் தலை காக்காய்ச் சிறகு.

"மொதல்ல மருதாணி பூசு. அது காஞ்சதும் அவுரி இலைய அரைச்சு அப்பு. பெத்த தாயே வந்தாலும் யாருப்பா இந்த இளவட்டம்னு கேக்கும்."

"இலை இருக்கா ராவுத்தரே?"

"சரக்கு வரல. வெதை வரும், ஞாயித்துக்கெழம ஆளனுப்பு. போட்டா மூணு மாசத்துல இலை."

ஞாயிற்றுக்கிழமை கருப்பாயி போய் விதையை முந்தானையில் முடிந்து வந்தாள்.

அதன் பிறகு வீரமுத்து செய்ததையெல்லாம் எந்தத் தகப்பனும் பிள்ளைக்குச் செய்திருக்கமாட்டான். விதைக்குத் தோல் கெட்டி என்று வெந்நீரில் ஊறப் போட்டான். ஆற்று மணலைச் சுமந்து வந்து மேடு கட்டினான். அடுப்புச் சாம்பலைச் சலித்துத் தூவினான். பூ விட்டால் இலையில் சாரம் குறையும் என்று ராவுத்தர் சொன்னதால் மொட்டு மொட்டாகக் கிள்ளினான். பெருமழை அடித்த ஒரு நாள், தான் போர்த்திக்கொண்டு போகும் கோணிச் சாக்கைப் பாத்தியின் மேல் கட்டிவிட்டு, நனைந்துகொண்டே, விடிகாலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்குப் போய் மற்றவர்களோடு வரிசையில் நின்றான்.

அடுத்த வீட்டு வெள்ளையம்மா எட்டிப் பார்த்தாள். "இருவத்திரண்டு வருசத்துல அண்ணி நனையுறப்ப ஒரு நாளாச்சும் இந்தச் சாக்கப் போத்தி விட்டீங்களாண்ணே?"

வீரமுத்து காது கேளாதவன் போலப் போய்விட்டான். அன்று முழுவதும் அந்தக் கேள்வி முதுகில் ஈரத்துணியாய் ஒட்டிக்கொண்டிருந்தது.

மூன்றாம் மாதக் கடைசியில் இலை பறித்தார்கள். கருப்பாயி அம்மியில் வெண்ணெயாய் அரைத்தாள். முதலில் மருதாணி, அது காய்ந்து கழுவியபின் பச்சை விழுது. வாழையிலையைத் தலையில் கட்டிக்கொண்டு வீரமுத்து ஞாயிறு முழுக்கச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். சாயங்காலம் கழுவினார்கள்.

"எப்படி இருக்கு?"

கருப்பாயி தலையைச் சுற்றிப் பார்த்தாள். "நரை இல்லைங்க."

உண்மைதான், நரை இல்லை. கறுப்பும் இல்லை. தலை முழுக்கப் பழுத்த பாக்கின் நிறத்தில் தகதகவென்று இருந்தது.

மறுநாள் பெரட்டில் கங்காணி வேலு லாந்தரைத் தூக்கிப் பிடித்தார். "அட, அலமாக்! என்னடா தலை இது?"

"சூடு தணிய மருதாணி வெச்சேங்க."

"அந்தா, பின்னால திரும்பிப் பாரு."

குதிரையின் மேல் துரை வந்துகொண்டிருந்தார். தொப்பியைக் கழற்றியிருந்தார். தோட்டத்தில் அந்த நிறத்தில் இன்னொரு தலை உண்டென்றால் அது துரையுடையது மட்டுந்தான். துரை வீரமுத்துவின் தலையைப் பார்த்தார். வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். துரை தொப்பியை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

"துரையவே கேலி பண்றியா நீ?" என்றார் கங்காணி. "ஒரு வாரம் பால் வெட்ட வேண்டாம். போய்ப் புல்லு வெட்டு."

இருபது வருஷத்தில் முதல் முறையாக வீரமுத்து கையில் கத்தி இல்லாமல், தோளில் மண்வெட்டியோடு போனான்.

வீட்டுக்கு வந்ததும் செடிகளைப் பிடுங்கப் போனான். வெள்ளையம்மா ஒரு இலையைக் கிள்ளி, இரண்டு நுனியையும் பிடித்து இழுத்தாள். அது அம்பு முனை போலக் கூராய்க் கிழிந்தது.

"அவுரி இப்படிக் கிழியாதுண்ணே. இது கொழிஞ்சி. வயலுக்கு உரமாப் போட்டு மிதிப்போமே, அது."

வீரமுத்து கருப்பாயியைப் பார்த்தான். "நீயும் வயக்காட்டுக்காரிதானே. உனக்குத் தெரியலையா?"

"ரெண்டும் ஒரே சாடைங்க. பூ விட்டாத் தெரியும். நீங்கதான் பூ விடவே விடலியே."

வீரமுத்து ஒரு செடியைப் பிடுங்கி வீசினான். "ராவுத்தன் ஏமாத்திட்டான்."

"அவர ஏன் வையிறீங்க, பாவம்."

எவ்வளவு இளகின மனசு இவளுக்கு என்று வீரமுத்து நினைத்துக்கொண்டான். இப்படிப்பட்டவளை இத்தனை வருஷம் அடுத்த வருஷம், அடுத்த வருஷம் என்று சொல்லியே உட்கார வைத்துவிட்டோமே என்று ஒரு நொடி தோன்றியது. தலையைத் தடவிக்கொண்டதும் அது போய்விட்டது.

"வெளக்குக் கரியில தேங்காண்ணெ கொழைச்சுப் பூசுங்க," என்றாள் கருப்பாயி. "செவப்பு தெரியாது." அவளே குழைத்தும் கொடுத்தாள்.

புல்வெட்டு முடிந்து மறுபடி பால் வெட்டப் போன நாளில் தலை இருட்டாய் இருந்தது. வீரமுத்து நிமிர்ந்து நடந்தான். வெயில் ஏறியது. வேர்த்தது. ஒவ்வொரு மரத்தடியிலும் குனிந்து மங்குக் கிண்ணத்திலிருந்து பாலை வாளியில் கவிழ்க்கும்போது நெற்றியிலிருந்து சொட்டு சொட்டாக இறங்கியதை அவன் கவனிக்கவில்லை. பால் நிறுக்கும் ஸ்டோரில் வாளியைத் திறந்தபோது பால் சாம்பல் நிறத்தில் இருந்தது.

கங்காணி வாளியையும் பார்த்தார், கோடு கோடாய்க் கரி வழிந்த முகத்தையும் பார்த்தார். அவர் திட்டவில்லை. அதுதான் வீரமுத்துவுக்கு வலித்தது.

"இந்தத் தோட்டத்துல உன் பாலத்தான்டா மாதிரிக்குக் காட்டுவேன்," என்றார் மெதுவாக. "சரி விடு. சித்திரைக் கப்பல்ல போகப்போற ஆளு. அது வரைக்குமாச்சும் ஒழுங்கா வெட்டு."

"எந்தக் கப்பல்லங்க?"

"லிஸ்ட்டுல உன் பேரு இருக்கே. தெரியாதா?"

செம்பட்டைத் தலை காட்டிக்கொடுத்துவிட்டது என்று அவனுக்கு உறுதியாகத் தெரிந்துவிட்டது. வீட்டுக்குப் போய்ச் சொன்னான். கருப்பாயி முகத்தைத் திருப்பிக்கொண்டு அடுப்பை ஊதினாள். அழுகிறாள் போல என்று அவனும் அருகில் போகவில்லை.

ஒரே ஒரு வழி மிச்சமிருந்தது. மயிரே இல்லாவிட்டால் நரை எங்கே இருக்கும்? நாவிதரிடம் போய் மொட்டை போடச் சொன்னான். மீசையிலும் வெள்ளை ஓடியிருந்ததால் அதையும் எடுக்கச் சொன்னான். நாவிதர் ஒன்றும் கேட்கவில்லை. முகத்தை மட்டும் தொங்கப் போட்டுக்கொண்டார்.

அங்கிருந்து நேராக ஆபீசுக்குப் போய்க் கணக்கெழுதும் கிராணி ஜெயபாலன் முன்னால் நின்றான். "ஐயா, என் தலையப் பாருங்கய்யா."

கிராணி பார்த்தார். மழித்த தலை, மழித்த மீசை. நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "அடடா. எப்ப தகவல் வந்துச்சு? அப்பாவா, அம்மாவா?"

அப்பன் செத்தால் மகன் மீசையோடு மழித்துக்கொள்வான் என்பது அப்போதுதான் வீரமுத்துவுக்கு உறைத்தது. அவன் தகப்பன் போய்ப் பதினைந்து வருஷம். அதற்கு அவன் மழிக்கவில்லை. வேலை கெடும் என்று ஒரு நாள்கூட நிற்காமல் பால் வெட்டியவன். "அப்பா..." என்று மட்டும் வந்தது.

"ஒண்ணும் பேசாதீங்க. காரியத்துக்குப் போகணும்ல, சித்திரை வரைக்கும் எதுக்குக் காத்திருக்கணும்? இந்த மாசக் கப்பல்லயே மாத்திப் போட்டுர்றேன்," என்று கிராணி எழுதி ஒற்றுத்தாளும் வைத்துவிட்டார்.

வீடு திரும்பும்போது லயத்துப் பெண்கள் வாசலில் கூடியிருந்தார்கள். நாவிதர் வழியாகச் சேதி முந்திவிட்டது. வெள்ளையம்மா கருப்பாயியைக் கட்டிக்கொண்டு ஒப்பாரியைத் தொடங்கியிருந்தாள். கருப்பாயியும் அழுதாள். மாமனாருக்குப் பதினைந்து வருஷம் கழித்து இவ்வளவு அழுகிறாளே என்று பார்த்தபோது வீரமுத்துவுக்கும் கண் கலங்கிவிட்டது. கலங்கிய கண்ணோடு நிற்பவன், யாரும் சாகவில்லை என்று எப்படிச் சொல்வான்?

பத்தாம் நாள், துறைமுகத்துக்குப் போகும் ரயிலுக்காக லாபிஸ் ஸ்டேஷனில் நின்றார்கள். இரண்டு தகரப்பெட்டி, ஒரு மூட்டை. கருப்பாயி புதுச்சேலை உடுத்தி, பெட்டியின் மேல் கால் ஆட்டியபடி உட்கார்ந்திருந்தாள். வீரமுத்து அவள் பக்கத்தில் போய் நின்றான். துண்டைத் தோளில் சரிசெய்துகொண்டான்.

"என்னாலதான் உனக்கும் இந்த அலைச்சல்," என்றான். "கொஞ்சம் பாத்து நடந்திருந்தா இங்கயே இருந்திருக்கலாம்."

"பரவால்லைங்க."

"நீ என்னைய ஒரு வார்த்தை வைய மாட்டேங்கிற. அதான் எனக்குக் கஷ்டமா இருக்கு."

கருப்பாயி தண்டவாளம் வளைகிற பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

தூரத்தில் புகை தெரிந்தது. பெயர் சரிபார்க்கக் கிராணி காகிதத்தோடு வந்தார். இனி இழக்க ஒன்றுமில்லை என்று வீரமுத்து அவரைத் தனியே ஒதுக்கிக் கூட்டிப்போனான். எல்லாவற்றையும் சொன்னான். சாவு இல்லை, வெறும் மொட்டை என்றான். கொழிஞ்சி, மருதாணி, கரி, ஒன்றையும் விடவில்லை. "நரைச்சவன்தான் போகணும்னா, என்னைவிட வெள்ளையா அந்த ஐயாசாமி இருக்கானேய்யா. அவன விட்டுட்டு என்னைய மட்டும் ஏன் எழுதினீங்க?"

கிராணி வாயைத் திறந்தபடி கேட்டுவிட்டு, காகிதத்தைப் பார்த்தார், பிறகு பெட்டியின் மேல் உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தார்.

"நரைச்ச தலைய அனுப்பணும்னு யாருய்யா சொன்னது? ஊருக்குப் போக விருப்பப்படுறவங்க பேரு குடுங்கன்னுதான் துரை கேட்டாரு. மொத நாளே உங்க சம்சாரந்தான் வந்து ரெண்டு பேரு பேரையும் குடுத்துட்டு, 'அவருகிட்ட நான் பக்குவமாச் சொல்லிக்கிறேன்'னு போச்சு."