மூன்றை எட்டாக்கிய படலம்

தொண்ணூற்றெட்டாம் வருஷம், நவீனமாகாத கடைகளுக்கு அரசாங்க வேலை கிடையாது என்று ஸ்ரீவில்லிபுத்தூர் ஆபீஸ் ஒன்றில் மேன்மை பொருந்திய தீர்மானம் பிறந்தது. இனி போர்டு, நோட்டீஸ் எல்லாமே கோரல் டிரா என்ற கம்ப்யூட்டர் புரோகிராமின் எட்டாம் வெர்ஷனில்தான் வரைய வேண்டும். ஆபீசிலும் அந்த எட்டு இருந்தது. பூட்டிய அறையில், கம்ப்யூட்டருக்குள், துணி போர்த்திப் பத்திரமாக இருந்தது.

ராஜபாளையத்தில் டி.டி.பி. கடை வைத்திருந்த சத்தியநேசனுக்கு ஆபீஸ் வேலைதான் சோறு. அவரிடம் இருந்ததோ பழைய மூன்றாம் வெர்ஷன். பேண்டேஜ் லேபிளோ கல்யாணப் பத்திரிகையோ, அதில் கண்ணை மூடிக்கொண்டு வரைவார். எட்டை ஏற்ற அவர் கம்ப்யூட்டரில் இடமில்லை.

"மூணுக்கு இடதுபக்கத்தை அடைச்சா எட்டுதான?" என்றாள் மனைவி ஏசம்மாள், முறுக்கைக் கடித்தபடி.

"ஏட்டி, பொழப்பே போகுதுங்கேன், நீ விளையாடுத."

ஆனாலும் சத்தியநேசன் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தார். அந்த மூன்றிலேயே தங்க நிறத்தில் ஒரு எட்டை வரைந்து, அச்சடித்து, மானிட்டர் நெற்றியில் ஒட்டினார்.

நவீனமாக்கல் அதிகாரி வைகுண்டராஜ் ஆய்வுக்கு வந்து எட்டைப் பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். செண்பகத்தோப்புக் காட்டுக்கு, 'குரங்குகளுக்குத் தீனி போடாதீர்' என்று ஒரு போர்டு வரையச் சொன்னார். டீ ஆறுவதற்குள் வரைந்தாயிற்று.

"எட்டுன்னா எட்டுதான்வே! மூணுல இது நடக்குமா?"

"தலைகீழா நின்னாலும் நடக்காது சார்."

மறுநாளே உத்தரவு வந்தது: மேற்படி கடையில் உள்ளதைப் போன்ற எட்டே எட்டாகக் கருதப்படும். அசல் எட்டை வாங்கிய கடைகளெல்லாம், திரை வேறு மாதிரி இருப்பதாகத் தள்ளுபடியாயின. பாவம், கடைக்காரர்கள் சத்தியநேசனிடம் ஓடிவந்து மூன்றை ஏற்றி, தங்க எட்டை ஒட்டிக்கொண்டு போனார்கள். கல்யாண வீட்டார் பத்திரிகையில் மாப்பிள்ளையின் படிப்புக்குக் கீழே 'கோரல் எட்டில் வரைந்தது' என்று போடச் சொன்னார்கள்.

சத்தியநேசனுக்கு மனசாட்சி உறுத்தியது. புதுக் கம்ப்யூட்டரும் அசல் எட்டும் வாங்கிவிட்டார். வைகுண்டராஜ் வந்து பார்த்ததும் முகம் சிவந்தார்.

"நல்ல எட்டைக் கழட்டிட்டு என்னவே போலியைப் போட்டிருக்கீரு?"

"சார், இதுதான் நெசமான எட்டு."

"எட்டு எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதா? உம்ம கடையிலதான பாத்தேன்! இன்னிக்கே மாத்தும். இல்லேன்னா ஆபீஸ் வேலையை மறந்துரும்."

சத்தியநேசன் பழைய கம்ப்யூட்டருக்கும் மூன்றுக்குமே திரும்பினார்; புதியது அசல் எட்டோடு மூலையில் கிடந்தது.

பிறகு ஒருநாள் ஆபீஸ் ஜீப் வந்து நின்றது. துணி போர்த்திய அந்தக் கம்ப்யூட்டர் இறங்கியது.

"எங்க ஆபீஸ்லயே போலி புகுந்திருக்குவே. இதையும் எட்டாக்கிக் குடும்," என்று குரலைத் தாழ்த்திச் சொன்னார் வைகுண்டராஜ்.

சத்தியநேசன் எட்டை அழித்து மூன்றை ஏற்றினார். ஏசம்மாள் ஸ்டிக்கரை ஒட்டினாள். ஜீப் போன பிறகு பார்த்தால், துணியை மறந்துவிட்டுப் போயிருந்தார்கள். சத்தியநேசன் அதை உதறி, தம் புதுக் கம்ப்யூட்டருக்குப் போர்த்திவிட்டார்.