கோழிக்காகக் கோயில் மாறினேன்

மனுசன் எதுக்கெல்லாமோ கோயில் மாறுவான். காதலிச்சா மாறுவான். பங்காளிச் சண்டை வந்தா மாறுவான். நான் கோழிக்காக மாறினேன். சிரிக்காதீங்க, முழுசா கேட்டுட்டு அப்பறம் சிரிங்க.

என் பேரு இன்னாசிமுத்து. ஓசூர் சிப்காட்டுல ஷிப்ட்டு வேலை. அது வயித்துக்கு. மிச்ச நேரமெல்லாம் ஆஞ்சப்பன் மாஸ்டரோட கரடிமனை. எங்க ஊருப் பக்கம் ஜிம்முக்கு அதான் பேரு. நான் தெருவுல நடந்தா எதுக்க வர்ற டி.வி.எஸ். காரன் வண்டிய ஓரங்கட்டி, நான் போனதுக்கப்பறம்தான் எடுப்பான். சட்டை தைக்கிற டெய்லர் என்னைப் பார்த்தா அளவு நாடாவ ஒளிச்சு வெச்சுடுவான். ஞாயித்துக்கிழமை காலையில ஊரே பூசைக்குப் போவும், நான் மட்டும் தண்டால் எடுக்கப் போவேன். ஆண்டவர் குடுத்த உடம்ப வளக்கறதும் ஆராதனைதானேன்னு சொல்லிக்குவேன்.

ஆனா மிஸ்டர் தர்மபுரி பட்டம் மட்டும் கைக்கு வரல. வருஷா வருஷம் ரெண்டாவது. நடுவருங்க ஒரே பாட்டப் பாடுவாங்க, சைஸ் இருக்கு, கட்ஸ் இல்லன்னு. அதாவது சதை மலை மாதிரி இருக்குதாம், ஆனா வரிவரியா பிரிஞ்சு தெரியலையாம். ஆஞ்சப்பன் மாஸ்டர் அதுக்கு ஒரே மருந்துதான் சொல்லுவாரு. "கோழி சாலது இன்னாசி. இன்னும் தின்னு." கன்னடத்துல சாலதுன்னா பத்தாதுன்னு அர்த்தம். மாஸ்டருக்குக் கோழி என்னிக்குமே பத்தினதில்ல.

தொண்ணூத்தி மூணுல பெங்களூர்ல ஒரு பெரிய ஜிம்முக்காரன் சொல்லி அனுப்பினான். மிஸ்டர் தர்மபுரி எவனோ அவனுக்குக் கோச்சு வேலை. ஷிப்ட்டு கிடையாது, சங்கு கிடையாது, பொழுதுக்கும் கண்ணாடி முன்னாடி நின்னு அடுத்தவனுக்குச் சொல்லிக்குடுக்கறது. எனக்குச் சோறு எறங்கல. இந்தத் தடவை விட்டா அவ்ளோதான், அடுத்த வருஷம் சின்னப் பசங்க வந்துடுவானுங்க.

போட்டித் தேதி வந்துச்சு. ஈஸ்டருக்கு ஒரு வாரம் முன்னாடி வர்ற குருத்தோலை ஞாயித்துக்கு முந்தின சனிக்கிழமை, கிருஷ்ணகிரியில. அப்ப அதுவும் தர்மபுரி ஜில்லாதான். காலண்டரப் பார்த்தேன், தலையில இடி விழுந்துச்சு. போட்டிக்கு முன்னாடி மொத்தமும் தவக்காலம். எங்க வூட்டுல தவக்காலம்னா நாப்பது நாளும் கோழி இல்ல, மீன் இல்ல, கருவாட்டு வாசனை கூட இல்ல. ஞாயித்துக்கிழமை ஒரு முட்டை, அதுவும் போனாப் போவுதுன்னு.

என் பெஞ்சாதி கிருபாராணி இதுல கண்டிப்பு. என் மார் உயரத்துக்குத்தான் வருவா. ஆனா அவ இடுப்புல கைய வெச்சா நான் எங்க போவணும்னு எனக்கே தெரியாது. அவ பொறந்தது சி.எஸ்.ஐ. குடும்பம், புராட்டஸ்டன்ட்டு, அப்பா கோயில் உபதேசியார். நாங்க ஆர்.சி., கத்தோலிக்கம். என் அம்மா பிடிவாதமா, பொண்ணு நம்ம சபைக்கு வந்தாத்தான் தாலின்னு சொல்லிட்டாங்க. வந்தா. வந்ததுலேர்ந்து ஒரே ஒண்ணுதான் கேட்டா, அவ பழைய கோயில் கொயர்ல பாடணும்னு. நான் நெஞ்ச நிமித்தி, இன்னாசிமுத்து பெஞ்சாதி இன்னொரு கோயில் படி ஏறுவாளான்னு கேட்டேன். அதுக்கப்பறம் அவ பேச்சே எடுக்கல. அடுப்படியில மட்டும் மெதுவா பாடிக்குவா, எனக்கு அது கேக்கும்.

அன்னிக்கு ராத்திரி சோத்துக்கு முன்னாடி எனக்கு ஒரு ரோசனை உதிச்சுது. கிருபா பொறந்த சபையில சொரூபம் இல்ல, ஜெபமாலை இல்ல, பாவசங்கீர்த்தனம் இல்ல. இவ்ளோத்தையும் வேண்டாம்னவங்க தவக்காலத்த மட்டும் வெச்சிருப்பாங்களா? மாமனார் வூட்டுக்கு எப்பப் போனாலும் கோழிக் கொழம்புதான். தவக்காலத்துல மட்டும்தான் கிருபா என்னைய அங்க கூட்டிட்டுப் போனதில்ல. நான் பட்டினி கெடக்கறப்ப அவங்க திங்கறதப் பார்த்து ஏங்கக் கூடாதேன்னு நினைச்சிருப்பான்னு நானே முடிவு பண்ணிக்கிட்டேன். அப்படியொரு மூளை எனக்கு.

தொண்டையக் கனைச்சுக்கிட்டு ஆரம்பிச்சேன்.

"கிருபா, உன் ஆசைக்கு நான் குறுக்க நிக்கறது தப்பு. நாம உங்க சபைக்கே போயிடலாம்."

அவ களி கிண்டற துடுப்ப நிறுத்தினா.

"ஏங்க, காய்ச்சலா?"

"ஈஸ்டர் வரைக்கும் பார்ப்போம். புடிச்சா இருக்கறது."

"வாடகை வூடாங்க அது, புடிக்கலன்னா காலி பண்ண? வந்தா சபைக்கு முன்னாடி எழுந்து நின்னு சொல்லணும். ஒழுங்குகளுக்குக் கீழ்ப்படியறேன்னு வாக்குக் குடுக்கணும்."

"குடுக்கறேன்."

"எல்லா ஒழுங்குக்கும்?"

"எல்லாத்துக்கும்."

கொஞ்ச நேரம் என் மூஞ்சியவே பார்த்தா. அப்பறம் முந்தானைய வாயில வெச்சுக்கிட்டு அடுப்பு பக்கம் திரும்பிட்டா. அழறாளாட்டம் இருக்குது, பாவம்னு எனக்கே கண்ணு கலங்கிடுச்சு. தோளு குலுங்கினத நான் அப்படித்தான் புரிஞ்சுக்கிட்டேன்.

தவக்காலம் ஆரம்பிக்கற விபூதி புதன் தாண்டி வந்த ஞாயித்துக்கிழமை போனோம். கோயில் முழுக்க ஊதாத் துணி கட்டியிருந்தாங்க. நமக்காகத்தான் அலங்காரம் போலிருக்குதுன்னு நெனச்சேன். போதகர் ஐயா என் பேரச் சொன்னாரு. நான் எழுந்து நின்னதும் பின்னாடி உக்காந்திருந்தவங்களுக்கு பீடம் மறைஞ்சுடுச்சு. அவரு கேட்டதுக்கெல்லாம் கணீர்னு ஆமாம் ஆமாம்னு சொன்னேன். ஒவ்வொரு ஆமாமுக்கும் மனசுக்குள்ள ஒரு கோழிக்கால் தெரிஞ்சுது. கிருபா அன்னிக்கே கொயர்ல போயி நின்னுட்டா. பாட்டு புஸ்தகம் கூட பார்க்காம பாடினா. அவ குரலு அவ்ளோ பெருசுன்னு எனக்கு அதுவரைக்கும் தெரியாது, நிஜமாவே சிலிர்த்துப் போச்சு.

மதியம் மாமனார் வூட்டுல விருந்து. இலை போட்டாங்க. ராகிக் களி வந்துச்சு. கொள்ளு ரசம் வந்துச்சு. கீரை வந்துச்சு. நான் களிய ஓரமா ஒதுக்கி, கொழம்புக்கு நடுவுல எடம் விட்டு உக்காந்திருந்தேன். வரல. அடுப்படிப் பக்கம் மூக்க நீட்டினேன். வாசனையே இல்ல.

"மாமா, கோழி பின்னால வருதுங்களா?"

மாமனார் கையிலிருந்த உருண்டைய இலையிலயே வெச்சுட்டாரு.

"லெந்துலயா மாப்ள?"

"லெந்துன்னா?"

"உங்க தவக்காலந்தான். எங்க பக்கம் லெந்தும்போம். நாப்பது நாளும் கவுச்சி கெடையாது. முட்டை கூட அடுப்பேறாது. இப்பத்தானே எல்லாத்துக்கும் கீழ்ப்படியறேன்னு கணீர்னு சொன்னீங்க, சபையே மெய்சிலிர்த்துப் போச்சு."

நான் கிருபாவப் பார்த்தேன். அவ ரொம்பக் கவனமா கீரையப் பரிமாறிக்கிட்டு இருந்தா. இருந்த ஒத்த முட்டையும் போச்சு.

திருட்டுத்தனமா தின்னலாமேன்னு நீங்க கேப்பீங்க. என் உடம்ப வெச்சுக்கிட்டு ஓசூர்ல எங்க ஒளியறது? பாகலூர் ரோட்டுக் கடையில காலு வெச்சா, "வாங்க பயில்வான்"னு கடைக்காரன் ரோட்டுக்கே கேக்கறாப்பல கூப்புடுவான். அதனால மாநிலம் தாண்டிடறதுன்னு முடிவு பண்ணினேன். பஸ் ஏறி அத்திபெலே எறங்கினேன். அங்க கர்நாடகா. அங்க எவனுக்கும் என்னையத் தெரியாது. ஒரு மிலிட்டரி ஓட்டல்ல மூலையில உக்காந்து பிரியாணி சொன்னேன். வந்துச்சு. ஆவி மூஞ்சியில அடிச்சுது. காலு துண்ட எடுத்து வாய்க்கிட்ட கொண்டுபோனேன்.

வாசல்ல வளையல் சத்தம். வெள்ளைச் சேலைக்காரம்மாங்க ஒரு கூட்டமா தண்ணி குடிக்க உள்ள வர்றாங்க. அத்திபெலே ஜெபக் கூட்டத்துக்கு எங்க கொயர் போயிருக்குது. கூட்டத்துக்கு நடுவுல கிருபாராணி.

 நேரா வந்து எதுர்ல உக்காந்தா. என் கையிலிருந்த துண்ட மெதுவா வாங்கி தட்டுல வெச்சா. தட்ட நகத்திட்டு சர்வரக் கூப்பிட்டா. "இவ்ரிக்கே அன்னா சாரு கொடி." இவருக்குச் சோறும் ரசமும் குடுங்கன்னு அர்த்தம். கன்னடத்துல கூட என்னைய ரசஞ்சோறு தின்ன வெச்சுட்டா. கொயர் மொத்தமும் சுத்தி நின்னு நான் சாப்பிட்டு முடிக்கற வரைக்கும் பார்த்துச்சு.

அதோட விட்டுட்டேன். விடிஞ்சா கொள்ளு, பொழுதடைஞ்சா களி, நடுவுல அவிச்ச கடலை. சாயந்திரமானா லெந்து கூட்டம், வூட்டுக்கு வூடு ஜெபம். கன்னம் ஒட்டிப் போச்சு. வேட்டி இடுப்புல நிக்கல. மாஸ்டரு என்னைய நிக்க வெச்சு சுத்திச் சுத்தி வந்தாரு. முடிஞ்சு போச்சு இன்னாசி, உன் தொழிலு முடிஞ்சு போச்சுன்னு தலையில கைய வெச்சு உக்காந்துட்டாரு. அந்த வாரம் நான் கோழிய நெனைக்கல, பெங்களூர நெனைச்சுத்தான் அழுதேன்.

சனிக்கிழமை மேடை ஏறினேன். எண்ணெய் தடவிக்கிட்டு, மூச்ச இழுத்து, ரெண்டு கையையும் மடக்கி நின்னேன். நடுவருங்க நாற்காலியிலேர்ந்து எழுந்துட்டாங்க. கொழுப்பெல்லாம் கொள்ளுல கரைஞ்சு போயி, தோலுக்கு அடியில ஒவ்வொரு சதையும் தனித்தனியா வரப்பு கட்டி நிக்குது. நரம்பு ரோட்டு மேப்பு மாதிரி ஓடுது. வயித்துல படிக்கட்டு. ஒருத்தரு மைக்குலயே சொல்லிட்டாரு, இத்தன வருஷம் எங்கப்பா ஒளிச்சு வெச்சிருந்தன்னு. மிஸ்டர் தர்மபுரி நாந்தான். மாஸ்டர் என்னையக் கட்டிப்புடிச்சு, எல்லாம் கோழியோட மகிமைன்னு அழுதாரு.

பெங்களூர் வேலையும் கெடைச்சுது. அதோட முடிஞ்சிருந்தா சரி. ஈஸ்டர் அன்னிக்கு போதகர் ஐயா என்னைய சாட்சி சொல்லக் கூப்பிட்டாரு. லெந்து விரதத்தால ராட்சசன் கோலியாத்தே ஜெயிச்சிருக்கறாருன்னு அறிமுகம் வேற. கிருபா கொயர் லீடர் ஆயிட்டா. வாரத்துல பாதி நாளு பயிற்சி. மிஸ்டர் தர்மபுரி வூட்டுல ஒத்தையா நின்னு களி கிண்டறான், கட்டி தட்டிப் போவுது. இது வேலைக்காவாதுன்னு தோணிடுச்சு. பட்டந்தான் வாங்கியாச்சே, பழைய கோயிலுக்கே திரும்பிடுவோம்னு எங்க ஃபாதரப் பார்க்கப் போனேன்.

ஒண்ணு விடாம கதையச் சொன்னேன். அவரு கண்ணாடியக் கழட்டி, துடைச்சு, மறுபடியும் போட்டுக்கிட்டாரு.

"இன்னாசி, நம்ம சபையில விபூதி புதன், அப்பறம் வெள்ளிக்கிழமை. அன்னிக்குத்தான் கண்டிப்பா கறிய ஒதுக்கணும். மத்த நாள்ல நீ கோழி தின்னா உன்னைய யாரு கேட்டா? நாப்பது நாளுன்னு உனக்கு யாரு சொன்னது?"

 எங்கப்பா அம்மா பர்கூர் கல்குவாரியில கூலி. கிறிஸ்துமஸ்க்கு ஒரு தடவை கறி, ஈஸ்டருக்கு ஒரு தடவை கறி, மிச்ச வருஷம் முழுக்கத் தவக்காலந்தான். கணக்கு என்னன்னு கேக்கற அவசியமே வந்ததில்ல. கல்யாணத்துக்கப்பறம் கிருபா வெச்சதுதான் சட்டம். அத நான் எங்க சபைச் சட்டம்னு நெனைச்சுக்கிட்டேன். கோழி இருந்த கோயில வுட்டுட்டு, கோழி இல்லாத கோயிலத் தேடிப் போயி வாக்குக் குடுத்திருக்கறேன்.

வேகமா வூட்டுக்கு வந்தேன். கிருபா பயிற்சிக்குப் பொறப்பட்டு, கண்ணாடி முன்னாடி பூ வெச்சுக்கிட்டு இருந்தா.

"நாப்பது நாளுங்கறது எங்க சபைச் சட்டம் இல்லையாமே?"

"இல்லைங்க. எங்கப்பா வூட்டுப் பழக்கம். என் கோயில்லேர்ந்து நான் எடுத்துட்டு வந்தது அது ஒண்ணுதான்."

அதச் சொன்னப்ப அவ குரலு கொஞ்சம் இறங்குச்சு.  ஆனாலும் மிஸ்டர் தர்மபுரி அவ்ளோ சுளுவா மடங்குவானா.

"அப்ப வெள்ளிக்கிழமை மட்டுந்தான்னு உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"தெரியாம? உங்களக் கட்டிக்கறதுக்காக ஆறு மாசம் உங்க கோயில்ல உக்காந்து ஞானோபதேசம் படிச்சது நானுங்க." பாட்டு புஸ்தகத்த எடுத்து அக்குள்ல வெச்சுக்கிட்டு செருப்பு மாட்டினா. "நீங்க அங்க பொறந்ததோட சரி."