கீழறைப் பயிற்றுநரிடம் நான் சரணடைந்த காலை

சந்தேகப்படுவதற்கென்று ஒரு விருது இருந்திருந்தால், எண்பதுகளின் இறுதியில் அதை ஆண்டுதோறும் நானே வென்றிருப்பேன். (என் மனைவியைக் கேட்டால், இன்றும் போட்டிக்கு ஆளில்லை என்பாள்.)

அப்போது வட இலண்டனின் எட்மண்டனில் ஒரு வீட்டின் மேலறையில் நானும் சிவம் அண்ணையும் குடியிருந்தோம். என் அகதி விண்ணப்பம் முடிவின்றிக் கிடந்தது. அது ஏற்கப்பட்டால்தான் ஊரிலிருந்த மனைவியை அழைக்க இயலும். அந்நிலையில் கீழறைக்கு மார்ட்டின் என்ற வெள்ளைக்காரர் வந்தார். பனியில் சறுக்கி ஓடி, இடையிடையே நின்று குறி பார்த்துச் சுடும் போட்டியில் ஒலிம்பிக் வரை சென்றவர் என்றும், இப்போது பயிற்றுநர் என்றும் வீட்டுக்காரர் சொன்னார். நான் நம்பவில்லை. இரண்டு நாள் பனி நிலைக்காத இலண்டனில் அப்படியொருவருக்கு என்ன வேலை?

விடியலில் அவர் கண்கள் மட்டும் தெரியும் கம்பளி முகமூடி அணிந்து, சக்கரம் பூட்டிய சறுக்குப் பலகைகளில் தெருவெல்லாம் ஓடுவார். பின்னர் வாசலில் நின்று, வேலைக்குப் புறப்படும் எங்களைப் பார்த்து, பேசாமல் தலையை ஆட்டுவார்.

ஊரில் இராணுவத்தினர் சுற்றிவளைப்பில் பிடித்தவர்களை முகமூடியிட்ட ஒருவன் முன் வரிசையாக நடத்துவார்கள். அவன் தலையசைத்தால் அவ்வளவுதான், ஆளைக் கொண்டுபோய்விடுவார்கள். அவனுக்குத் தலையாட்டி என்று பெயர்.

"அண்ணை, இவன் தலையாட்டி. என்ரை கேஸுக்கெண்டு அனுப்பின ஆள்."

"விசர்க்கதை கதையாதை. அந்தாள் குட் மோர்னிங் சொல்லுது."

"வாய் திறக்காமலோ?"

"குளிரடா!"

"ஓம், உங்களுக்கு விசா கிடைச்சிட்டுது. நீங்கள் சிரிப்பியள்."

ஒரு தை மாதக் காலையில் படியிறங்கினேன். நடையில் அவர் முகமூடியுடன் நின்றார், கையில் துப்பாக்கி. (பயிற்சிக்குச் செல்லக் காரில் ஏற்றப் போனாராம்.) என்னைக் கண்டதும் தலையை ஆட்டினார்.

என் கைகள் தாமாகவே உயர்ந்தன. பெயர், தந்தை பெயர், ஊர், அடையாள அட்டை எண் அனைத்தையும், ஊரில் இராணுவத்திடம் சொல்வதுபோலவே, சிங்களத்தில் ஒப்புவித்தேன்.

"கையை இறக்கடா, மானம் போகுது!" என்று பின்னாலிருந்து சிவம் அண்ணை கத்தினார். திரும்பிப் பார்த்தேன். அவருடைய கைகளும் மேலேதான் இருந்தன.

மார்ட்டின் சிரிக்கவில்லை. துப்பாக்கியைப் பூட்டி வைத்துவிட்டு வந்து, முகமூடியைக் கழற்றி, என் மணிக்கட்டைப் பற்றி நாடியை எண்ணினார். "மூச்சை மெதுவாக விடுங்கள்," என்றார். சிவம் அண்ணை தலையாட்டியின் கதையை விளக்கினார்.

அடுத்த வாரம் என் விண்ணப்பத்துக்கு அவரே ஒரு சாட்சிக் கடிதம் எழுதித் தந்தார்: "துப்பாக்கியைக் கண்ட கணமே இவர் கைகளை உயர்த்தினார். ஒருவரும் கேட்காமலே தம் விவரம் முழுவதையும் சொன்னார். இப்பழக்கத்தை இவருக்கு ஊட்டிய நாட்டுக்கு இவரைத் திருப்பி அனுப்பலாகாது. இவரால் பிரித்தானியாவுக்கு எவ்வித ஆபத்துமில்லை, நானே சாட்சி."

விண்ணப்பம் ஏற்கப்பட்டது, மனைவியும் வந்து சேர்ந்தாள். அக்கடிதத்தின் படியைச் சட்டமிட்டு வரவேற்பறையில் மாட்டியவள் அவளே. மகளை மணக்க விரும்பிய பையன் முதன்முறை வந்தபோது, நான் முகத்தை இயன்றவரை கடுமையாக வைத்துக்கொண்டு அமர்ந்திருந்தேன். தேநீர் வருவதற்குள் அவன் சுவரிலிருந்த அக்கடிதத்தை இருமுறை வாசித்து முடித்திருந்தான்.