ரோஜாவின் ஏழைச் சொந்தம்

படித்தவர்களிடம் பேசும்போது என் கைகள் என் பேச்சைக் கேட்பதில்லை. மனைவி உங்களிடம் சொல்வதற்குள் நானே ஒப்புக்கொள்வது மரியாதை.

மகள் கொடைக்கானலில் தாவரவியல் கடைசி வருடம் படித்தாள். மலைப் புல்வெளியில் அபூர்வமாக முளைக்கும் ஒரு செடி கீழே நம் வெயிலில் பிழைக்குமா என்று பார்ப்பது அவள் ப்ராஜெக்ட். அவளுக்குப் பாடம் எடுக்கும் மேடம் விதை போட்டு வளர்த்த ஒரே கன்றைத் தொட்டியோடு நயினார்கோவிலுக்குக் கொண்டுவந்தாள்.

“ரோஜாக் குடும்பம், அய்யா” என்றாள்.

பார்த்தேன். தரையோடு படிந்த நாலைந்து இலை. முள்ளும் இல்லை, வாசமும் இல்லை. (ரோஜா வீட்டில் கல்யாணப் பத்திரிகை வைக்காத சொந்தம் போலும்.)

“இது பூக்குறவரைக்கும் உசுரோட இருந்தாத்தான் எனக்கு மார்க்கு” என்று சொல்லிவிட்டு பஸ் ஏறிவிட்டாள்.

என் மிளகாய்த் தோட்டத்துக்குக் கிடைக்காத நல்ல தண்ணீர் அதற்கு ஊற்றினேன். மண்டபம் கடற்கரையிலிருந்து வரும் மீன்காரரிடம் ஐஸ் வாங்கித் தொட்டியைச் சுற்றி வைத்தேன். மீன் வாடைக்குத் தெருப்பூனை மொத்தமும் எங்கள் வாசலில்.

“எனக்கு என்னைக்காச்சும் ஒரு ஐஸ் வாங்கித் தந்திருக்கீகளா?” என்றாள் மனைவி.

நாற்பதாம் நாள் பூத்தது. மஞ்சளாக, ஐந்து இதழ், சட்டைப் பொத்தான் அளவு. மகளுக்குச் சொன்னேன். அரை மணியில் மேடமே போனில் வந்தார். தொட்டியருகே குத்துக்காலிட்டுப் பேசினேன்.

“எப்படிங்க காப்பாத்துனீங்க?”

“சும்மாதாங்க மேடம்.”

“நாளைக்கே வர்றேன். அதுவரைக்கும் வேருல கை படாமப் பாத்துக்கங்க.”

“சரிங்க மேடம்.”

குனிந்து பார்த்தேன். முப்பது வருடம் களையெடுத்த கை. நான் கூச்சத்தில் நெளிந்த நேரத்தில் அது தன் வேலையை முடித்திருந்தது. பிடுங்கிய களை மறுபடி வேர்பிடிக்காதபடி மண்ணை உதறி, வேர் வெயிலைப் பார்க்கக் கவிழ்த்துப் போடுவது எங்கள் வழக்கம். அந்த ஒரே கன்றையும் உதறி, கவிழ்த்து, தொட்டி விளிம்பில் ஒழுங்காகப் போட்டிருந்தேன். (அரைகுறை வேலை எனக்குப் பிடிக்காது.)

திரும்ப நட்டேன். மதியத்துக்குள் கருகிவிட்டது.

மறுநாள் மேடம் தொட்டியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

“என்னங்க ஆச்சு?”

“சும்மாதாங்க மேடம்” என்றேன்.

கருகிய செடியைப் பூவோடு காகிதத்துக்குள் அமுக்கி எடுத்துக்கொண்டார். பூத்ததே போதுமென்று மார்க்கும் போட்டுவிட்டார். மகள்தான் விடவில்லை. கீழே இந்தச் செடிக்கு உள்ள ஆபத்துகள் என்று ரிப்போர்ட்டில் நம்பர் போட்டு எழுதினாள்: வெயில், உப்புத்தண்ணீர், ஆடு, தகப்பனார்.

இன்றைக்கும் மல்லிகைத் தொட்டிப் பக்கம் நான் நடந்தால் போதும், அடுப்படியிலிருந்து மனைவி, படிப்பு முடிந்து வீட்டிலிருக்கும் மகளுக்குக் குரல் கொடுப்பாள்:

“அடியே, நாலாவது வருது. தொட்டியத் தூக்கு!”