ஆணி அண்ணனின் கப்பல்

ஆணி பிடுங்காத மனிதர் இந்த நாட்டில் இல்லை. அலுவலகத்தில் பிடுங்குகிறார்கள், வங்கியில் பிடுங்குகிறார்கள், வீட்டில் இருந்தபடியே மடிக்கணினியிலும் பிடுங்குகிறார்கள். "என்னடா பண்ற?" என்று எவனைக் கேட்டாலும் "ஆணி புடுங்கிட்டிருக்கேன்" என்பதே இன்று தொழில் விளக்கம். இப்படிப்பட்ட காலத்தில், கிடக்கிற ஆணியைக் கிடக்கிற இடத்திலிருந்து எவனும் எடுக்கக் கூடாது என்ற ஒற்றைக் கொள்கைக்காக உண்டு, உறங்கி, உத்தியோகத்தையும் பணயம் வைத்தவர் காவிரி பாயும் பூமியிலேயே ஒருவர்தான். அவர் எங்கள் கல்லூரி விடுதியின் ஸ்டோர் கீப்பர். அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் ஒன்று இருந்திருக்க வேண்டும். எங்களுக்கு அவர் ஆணி அண்ணன்.

நாற்பதைத் தொடாத வயது. தொல்லியலில் முதுகலைப் பட்டம். மண்ணைத் தோண்டலாம் என்று நம்பிப் படித்தவருக்கு, தஞ்சாவூரில் ஒரு விடுதியின் அரிசி மூட்டைகளைக் காக்கும் வேலைதான் வாய்த்தது. அந்த மூட்டைகளுக்கு மேலே, சுவரில், எங்கள் வயதைவிட மூத்த பல்லிகளுக்கு நடுவே ஒரு படம் ஒட்டியிருந்தார். மணலில் வெட்டிய ஒரு பெரும்பள்ளம். அதன் பக்கங்களில் விலா எலும்புகளைப் போல வரிவரியாகக் கோடுகள்.

மெஸ் மாஸ்டர் ஒருநாள் பருப்பு வாங்க வந்தவர் கேட்டார். "இது எந்த ஊரு வாய்க்காலுங்க?"

"வாய்க்கா இல்ல மாஸ்டர், கப்பல். இங்கிலாந்துல சட்டன் ஹூன்னு ஒரு ஊரு."

"சட்னியா?"

"சட்டன். ஹூ."

"கப்பல் எங்க? வெறும் மண்ணுல்ல தெரியுது."

"அதான் விஷயமே" என்று அண்ணன் பருப்புப் படியைக் கீழே வைத்துவிட்டார். அன்று மதியம் எங்களுக்குச் சாம்பார் கிடையாது.

அவர் சொன்னதன் சாரம் இதுதான். ஆயிரத்து நானூறு ஆண்டுகளுக்கு முன்பு, நாம் இறந்தவரைத் தாழியில் வைக்கும் வழக்கத்தை மறந்துகொண்டிருந்த நேரத்தில், ஆங்கிலோ-சாக்ஸன் மக்கள் தங்கள் மன்னர் ஒருவரை முழுக் கப்பலில் கிடத்தி, கப்பலையே மேட்டுக்கு இழுத்து வந்து புதைத்து, மேலே மண்ணைக் குவித்தார்கள். கூடவே தலைக்கவசம், தங்கக் கொக்கி, வெள்ளிக் கிண்ணங்கள், யாழ் போன்ற இசைக்கருவி, சிவப்புக் கற்கள் பதித்த பணப்பை மூடி. அந்தக் கற்களில் சில நம் பக்கத்துக் கடலைத் தாண்டிப் போனவையாக இருக்கலாம் என்று சொல்லும்போது அண்ணன் எழுந்து நின்றுவிடுவார். அமிலம் ஏறிய மண் மன்னரைத் தின்றது. ஏறத்தாழ தொண்ணூறு அடி நீளக் கப்பலின் பலகை முழுவதையும் தின்றது. தின்னாமல் விட்டது இரும்பு ஆணிகளை. அவை வரிசை கலையாமல் இருந்த இடத்தில் இருந்ததால், இல்லாத கப்பலை இன்றும் வரைய முடிகிறது.

"ஒருத்தன் கை நீட்டி ஒரு ஆணியை எடுத்திருந்தா மாஸ்டர், கப்பல் போச்சு."

"நமக்குச் சாம்பார் போச்சு" என்றார் மாஸ்டர்.

இந்தத் தத்துவத்துக்கு முதற்பலி ஆனவன் நான். கோடை விடுமுறை முடிந்து வந்து அறையைத் திறந்தால் என் கட்டிலைக் காணவில்லை. பூட்டிய அறைக்குள் கரையான் பந்தி போட்டு, நான்கு கால், இரண்டு சட்டம், பலகை என்று ஒன்றையும் மிச்சம் வைக்காமல் முடித்திருந்தது. தரையில் கொஞ்சம் செம்மண்; அதில் இருபத்திரண்டு ஆணிகள். துடைப்பத்தை எடுத்தேன். அண்ணன் பாய்ந்து வந்து என் மணிக்கட்டைப் பிடித்தார்.

"தொடாதீங்க தம்பி. கட்டில்தான் போச்சு. அதோட எழுத்து அப்படியே இருக்கு பாருங்க."

ஆணிகளைச் சுற்றித் தேங்காய்க் கயிறு கட்டினார். மூன்று நாள் வரைபடம் வரைந்தார். நான் என் கட்டிலின் நினைவிடத்துக்கு அருகில் பாய் விரித்துப் படுத்தேன். வார்டன் வந்து பார்த்து, "யோவ், பையன் எங்கய்யா படுப்பான்?" என்றதற்கு, "வடமேற்கு மூலையைத் தவிர எங்க வேணாலும் படுக்கலாம் சார்" என்றார். அவருக்கு மெமோ கொடுக்கப்பட்டது. அந்தத் தாளைக்கூட அவர் ஆணியடித்து மாட்டியிருந்தார்.

சிரிக்கலாம், நாங்களும் சிரித்தோம். ஆனால் அவருடைய வாழ்க்கையில் வந்த ஒரே கப்பலை மூழ்கடித்தது கரையான் அன்று, காலம் அன்று, கல்லூரி நிர்வாகமும் அன்று. பேச்சுப் போட்டிகளில் மாநில அளவில் கோப்பைகள் வென்ற என் நாக்கு.

பேராவூரணிப் பக்கம் என் தாய்மாமனுக்குத் தென்னந்தோப்பு உண்டு. புயல் அதில் பாதியைப் படுக்க வைத்துவிட்டுப் போனது. தோப்பின் நடுவே ஒரு மணல்மேடு. அங்கே வேரோடு சாய்ந்த மரத்தின் குழியில் துருப்பிடித்த இரும்புத் துண்டுகள் வரிசையாகத் தெரிவதாக மாமா தொலைபேசியில் அலுத்துக்கொண்டார். டிராக்டர் டயர் கிழியும் என்பது அவர் கவலை. வாய் தவறி அண்ணனிடம் சொன்னேன். மறுநாள் சித்திரை வெயிலில் அவர் அந்தக் குழிக்குள் மண்டியிட்டிருந்தார்.

பதினேழு ஆணிகள். ஒவ்வொன்றின் பக்கத்திலும் ஓர் ஈர்க்குச்சி நட்டார். எழுந்து தள்ளி நின்று பார்த்தோம். ஈர்க்குச்சிகள் வளைந்து, வளைந்து, ஒரு முனையில் கூடின.

"கப்பலாண்ணே?"

"தெரியல தம்பி. நம்ம பக்கத்துப் பழைய கலமெல்லாம் கயித்தால தைச்சது. ஆணி அடிச்சதுன்னா எங்கேருந்தோ வந்ததா இருக்கலாம். ஏதாவது கொட்டகைக் கூரையாவும் இருக்கலாம். முழு வரிசையும் பார்த்தாத்தான் சொல்ல முடியும்." பிறகு பூதக்கண்ணாடியை நீட்டினார். "இந்தத் துருவைப் பாருங்க. உள்ள கோடு கோடா தெரியுதா? அது இரும்பு இல்ல. மரத்தோட ரேகை. மரம் செத்துட்டாலும் துருவுல ஒட்டிக்கிட்டு நிக்குது."

அவர் கேட்டது ஒரு மாதம். அதற்குள் பல்கலைக்கழகத்திலிருந்து யாரையாவது அழைத்து வந்து காட்டிவிடலாம் என்பது அவர் நம்பிக்கை. அவர் அனுப்பிய எந்தக் கடிதத்துக்கும் அதுவரை பதில் வந்ததில்லை என்பது வேறு செய்தி. மாமா தலையைச் சொறிந்தார்.

"எனக்கு ஒண்ணும் இல்ல மாப்ளே. ஆனா கோயில் திடலை மேடாக்க அந்த மண்ணைத் தர்றேன்னு ஊர்ல சொல்லிட்டேன். வெள்ளிக்கிழமை ஜேசிபி வருது. நீ பெரிய பேச்சாளராச்சே. ஊர்ல நீயே பேசிக்க."

மறுநாள் காலையில் கோயில் வாசலில் கூட்டம். போகும் வழியில் அண்ணன் என் கையைப் பிடித்துக்கொண்டார். "தம்பி, கப்பல்னு சொல்லுங்க. ஆணின்னு சொல்லுங்க. தங்கம், புதையல், இந்த ரெண்டும் மட்டும் வாயில வந்துரக் கூடாது."

பத்து நிமிடம் பேசினேன். ஆணி என்றேன், ஒருவர் கொட்டாவி விட்டார். வரலாறு என்றேன்; இருவர் எழுந்து வேட்டியை உதறினார்கள். கைதட்டல் இல்லாமல் மேடை இறங்கிப் பழகாதவன் நான். என் தொண்டை தானாக ஒரு படி ஏறியது. "அந்த மேட்டுக்கு அடியிலே உறங்குவது மண் அன்று, மணல் அன்று, விலைமதிப்பற்ற அறிவுப் புதையல்" என்று முழங்கினேன்.

கைதட்டல் தோப்பு வரை கேட்டது. மேடைத் தமிழில் அடைமொழி எதற்கு என்று அன்றுதான் புரிந்தது. அதை யாரும் கேட்பதில்லை. 'அறிவு' காற்றோடு போனது. புதையல் மட்டும் ஊருக்குள் போனது. ஜேசிபி அந்த மேட்டைத் தொடவே கூடாது என்று ஒருமனதாக முடிவெடுத்தார்கள். நான் தலை நிமிர்ந்து அண்ணனைப் பார்த்தேன். அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வேலி கட்டக் கயிறும் தார்ப்பாயும் வாங்கப் பட்டுக்கோட்டைக்குப் போய், மூன்று மணிக்குத் திரும்பினோம். மேடு இருந்த இடத்தில் பள்ளம் இருந்தது. நாற்பது பேர் மண்வெட்டியோடு கரையில் அமர்ந்து மோர் குடித்துக்கொண்டிருந்தார்கள். ஜேசிபியைத் தொடவிடவில்லை, சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருந்தார்கள். ஈர்க்குச்சிகளை ஓர் ஆடு மென்றுகொண்டிருந்தது.

மாமாவிடம் களை எடுக்க வரும் ராசாத்தி அக்கா ஒரு பிளாஸ்டிக் வாளியைத் தூக்கிக்கொண்டு வந்தார். "தங்கம் ஒண்ணும் இல்லீங்க சார். ஆனா உங்க சாமான் நூத்துக்கு மேல இருந்துச்சு. ஒண்ணுகூட உடையல. துருவா இருந்துச்சேன்னு புளி போட்டு ஊற வச்சுத் தேங்கா நாரால தேய்ச்சுட்டோம். குத்துவிளக்கு மாதிரி ஆயிடுச்சு பாருங்க."

வாளிக்குள் ஆணிகள் பளபளத்தன. அடியில் பழுப்பு நிறத்தில் கொஞ்சம் தண்ணீர். கப்பலோ, கொட்டகையோ, அதன் கடைசி மரம் அந்தத் தண்ணீரில்தான் இருந்தது.

அண்ணன் ஓர் ஆணியை எடுத்து வெயிலில் திருப்பிப் பார்த்தார்.

"நல்லா வெளக்கியிருக்கீங்கம்மா" என்றார்.

"மோர் குடிங்க சார், வெயில்ல வந்திருக்கீங்க."

குடித்தார். நானும் குடித்தேன். இனி அங்கே கிடந்தது என்ன என்று எவருக்கும், எக்காலத்திலும் தெரியப்போவதில்லை. இந்தச் சமவெளியில் இப்படித் தெரியாமலே போனவை எத்தனையோ. அவற்றுள் ஒன்றுக்கு மட்டும் நான் நேரடிக் காரணம்.

ஒரு வாரம் கழித்து ஸ்டோருக்குக் கூப்பிட்டார். பல்கலைக்கழகத்துக்கு அனுப்பப்போகும் அறிக்கை, ஒரே தாள். "எழுத்துப்பிழை இருக்கான்னு பார்த்துக் குடுங்க தம்பி, உங்களுக்குத்தான் தமிழ் சுத்தமா வரும்." இடம், அளவு, ஈர்க்குச்சி வைத்து வரைந்த பதினேழு புள்ளிகள். கடைசி வரி: 'கனமழையால் மேடு சரிந்து முற்றிலும் சிதைந்தது.'

"அண்ணே, எங்கண்ணே மழை பெஞ்சுது?"

அவர் உளுந்து மூட்டையின் வாயைச் சணல் போட்டுக் கட்டிக்கொண்டிருந்தார், நிமிரவில்லை. "பெஞ்சதாவே இருக்கட்டும். நீங்க இன்னும் எத்தனையோ மேடை ஏறணும்."

தாளை இன்னொரு முறை படித்தேன். பிழை ஒன்றும் இல்லை என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தேன்.