மேல்மாடி ஜப்பான்காரியின் குரல்

உங்களுக்கெல்லாம் வேறு வேலையே இல்லையா? எத்தனையோ வருடம் போன பிறகும் "அந்த ஜப்பான்காரி யார்?" என்று கிண்டிக்கொண்டு வருகிறீர்கள். சரி, கேட்டுத் தொலையுங்கள். லண்டனில் இந்த இல்ஃபோர்ட் முழுக்கச் சல்லடை போட்டாலும் அப்படியொரு மண்டைக்கனக்காரி அகப்படமாட்டாள்.

எண்பதுகளின் கடைசியில் எங்கள் மேல்மாடிக்கு வந்தாள். குப்பை போடுவதற்கே உதட்டுச்சாயமும் ரோமக் கோட்டும் வேண்டும். படியில் மூன்று இடத்தில் நின்று முகத்தைத் திருப்புவாள். கமரா எங்கே என்று நானும் தேடினேன். குப்பை வாளிதான் நின்றது.

வாயை மட்டும் திறக்கமாட்டாள். கடையில் கத்தரிக்காயையும் விரலால்தான் காட்டுவாள். பக்கத்து வீட்டுப் பாக்கியம், "பெரிய மகாராணி!" என்பாள். நானும் என் பங்குக்கு இரண்டு சேர்த்துச் சொல்வேன்.

ஒருநாள் மேல்மாடியிலிருந்து ஓர் அலறல், பஸ் ஓட்டுகிற ஆம்பிளையின் கட்டைக் குரல் மாதிரி. அகப்பையோடு ஓடினேன். கதிரைமேல் ஏறி நின்று அலறியது அவளேதான். கீழே ஒரு சுண்டெலி.

எலியைத் துரத்தியதற்குத் தேநீர் தந்து கதையைச் சொன்னாள். அவளுக்கும் அரை இங்கிலீஷ், எனக்கும் அரை இங்கிலீஷ். ஆகவே முழுதாக விளங்கியது. ஆணாகப் பிறந்து, பெண்ணாகி, அதை ஒளிக்காமல் ஜப்பான் சினிமாவில் நடித்த முதல் ஆள் இவள்தானாம். ஏழு படம். ஏழிலும் வேறொருத்தியின் குரல். "முகம் போதும், குரல் வேண்டாம்" என்றார்களாம். வெள்ளைக்காரனைக் கட்டி லண்டன் வந்து, அவன் செத்த பிறகும் அந்த வாய் திறக்கவில்லை.

"உமக்கென்ன விசரோ, பைத்தியமோ? என்ர மனுசன்ர குறட்டையைவிட உம்மட குரல் எவ்வளவோ மேல்!"

அன்றிலிருந்து என்னோடு மட்டும் பேசினாள். தமிழும் பிடித்தாள், முக்கியமாக நான் ஏசுகிற தமிழ்.

சில வருடம் கழித்து ஒரு கடிதம். நகரத்துத் தியேட்டர் ஒன்றில் அவளுடைய முதல் படத்தைப் போடுகிறார்கள்; முடிந்ததும் அவள் மேடையில் பேச வேண்டும். மூன்று நாள் குப்பை போடவும் இறங்கவில்லை.

"அக்கா, நீங்கள் கதையுங்கோ. நான் காதுக்குள்ள சொல்லுறன்."

"என்ர இங்கிலீசுக்கு பஸ் டிக்கெட்தான் எடுக்கலாம்."

"நீங்கள் வராட்டி நானும் போகேல்லை."

"சரி, வாறன். பவுடரைக் கொஞ்சம் குறையும்."

பாக்கியத்தையும் கூட்டிக்கொண்டு போனோம். படத்தில் அழகிதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் சாவதற்குக் கால்மணி நேரம் எடுத்தாள். அவ்வளவு நேரமும் யாரோ ஒருத்தியின் கீச்சுக் குரல். பக்கத்தில் இவள் காதைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

மேடையில் மைக்கை என் கையில் திணித்துக் குசுகுசுத்தாள். நான் குரல் போனவள் மாதிரித் தொண்டையைத் தொட்டுக் காட்டினேன், ஏலாது என்று தலையை ஆட்டினேன், மைக்கை அவள் வாய்க்கு நேரே பிடித்தேன்.

"விசரி!" என்றாள்.

மண்டபம் முழுக்க அதிர்ந்தது. இனி ஒளிக்க என்ன இருக்கிறது? மைக்கைப் பறித்தாள். "படத்தில் பேசியது நான் இல்லை. இதுதான் நான்" என்று இங்கிலீஷில் சொன்னாள். எல்லோரும் எழுந்து கைதட்டினார்கள். பிறகு அவள் கையிலிருந்து மைக்கை வாங்க இரண்டு பேர் தேவைப்பட்டார்கள்.

மறுநாள் பாக்கியம் தெருவையே கூட்டிக்கொண்டு வந்து நின்றாள். "ஊரையே வாயால வெல்லுற நீர், அங்க மட்டும் ஊமையாய் நிண்டீர். என்னப்பா நடந்தது?"

"அந்த விசரி வாங்கித் தந்த ஐஸ்கிரீம்தான்" என்றேன். "தொண்டை கட்டிப்போச்சு."